மணலுக்குள் இருந்த டிரைவர்

சென்ற வாரம் அலுவலகம் விட்டு வரும்போது கடற்கரைச் சாலையில் புது மாடி பஸ் ஒன்று வந்து நின்றது. பல வருடங்கள் கழித்து மறுபடியும் விடுகிறார்களாம். நான் போகவேண்டிய திசைகூட அது இல்லை. ஆனாலும் ஏறினேன். கழுத்தில் அடையாள அட்டை ஆட, ஒரு கல்லூரிப் பையனைத் தள்ளாத குறையாக முந்திக்கொண்டு போய் மாடியில் முன் சீட்டைப் பிடித்தேன். பார்த்தவர்கள் சிரித்திருப்பார்கள். சிரிக்கட்டும். உட்கார்ந்ததும் புது ரெக்ஸின் வாசனை வந்தது. எனக்கு அது பிடிக்கவில்லை. மாடி பஸ் என்றால் இறால் வாசனை அடிக்க வேண்டும்.

நீங்களும் சிரிக்கிறீர்கள். சொல்கிறேன், கேளுங்கள்.

பழவேற்காட்டு ஏரிக்கரையில், டச்சுக்காரர்களின் கல்லறைக்குக் கொஞ்சம் தள்ளி ஒரு மாடி பஸ் நின்றிருந்தது. பஸ் என்றா சொன்னேன்? மாடி மட்டும்தான். சென்னையில் ஓடி ஓய்ந்த வண்டியை ஏலத்தில் எடுத்தவர்கள் குறுக்கே அறுத்துப் போட்டிருக்கிறார்கள். இறால் வியாபாரி ஒருவர் மேல் பாதியைத் தரையோடு லாரியில் ஏற்றிக்கொண்டு வந்து மணலில் இறக்கிவிட்டார். நிழலில் உட்கார்ந்து எடைபோட அவருக்கு ஓர் இடம் வேண்டியிருந்தது. காலையில் எடை முடிந்து அவர் போனதும் வண்டி எங்களுடையது.

எங்களுடையது என்பதைவிட, என் அக்கா ராணியுடையது. அவள் அம்மாவோடு ஏரியில் இறங்கிக் கையால் இறால் பிடிப்பாள். மண்டியிட்டுச் சேற்றைத் துழாவும்போது, பிடித்ததைப் போடுகிற ஓலைப் பறியின் கயிற்றைப் பல்லில் கடித்துக்கொள்ள வேண்டும். வாயைத் திறக்க முடியாது. அத்தனை நேரம் பேசாததையெல்லாம் சேர்த்து வைத்து வண்டியில் வந்து பேசுவாள். அவள்தான் கண்டக்டர். பூவரச இலைதான் டிக்கெட்.

"ஏறு ஏறு, உள்ள போ! இன்னாம்மா, மூட்டையாட்டம் வழியிலயே நிக்கிற? டச்சுக்காரன் கல்லறை எறங்கு! யோசிச்சு எறங்கு, அங்க எறங்குனவன் ஒருத்தனும் திரும்பி ஏறல!"

முதல் நாளே ஒரு சிக்கல் வந்தது. பக்கத்து வீட்டுப் பெண் கேட்டுவிட்டாள்: "டிரைவர் சீட்டே இல்லியேக்கா, வண்டி எப்பிடி ஓடும்?" எங்கள் எல்லோருக்கும் முகம் விழுந்துவிட்டது. அக்கா கொஞ்சமும் யோசிக்கவில்லை.

"மாடி பஸ்னா டிரைவரு கீழதாண்டி இருப்பாரு. மணலுக்குள்ள இருக்காரு. பாக்கிறியா?"

தகரத் தரையில் காலால் இரண்டு தடவை ஓங்கி மிதித்தாள். "ரைட்ட்ட்!" வண்டி கிளம்பிவிட்டது. சத்தியமாகச் சொல்கிறேன், ஏரி பின்னால் நகர்ந்தது.

முன் சீட்டில் வேறு யாரையும் அவள் உட்கார விடமாட்டாள். "எழுந்துரு, அது படிக்கிற பொண்ணு சீட்டு" என்பாள். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். நைனா கையெழுத்துக்குப் பதில் பெருவிரல் வைப்பவர். அக்கா சேற்றைத் துழாவினாள், நான் படித்தேன். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை, பெருமைதான். பத்தாம் வகுப்புப் பாடம் முழுவதையும் கண்ணாடியில்லாத அந்த ஜன்னலோரத்தில்தான் படித்து முடித்தேன். உப்புக்காற்றில் புத்தகத்தின் பக்கங்கள் அப்பளம்போல நமுத்திருக்கும்.

"வேலைக்குப் போனதும் என்னை நெஜ மாடி பஸ்ல கூட்டினு போவணும், இன்னா?"

"கண்டக்டருக்கு எதுக்குக்கா டிக்கெட்டு? சும்மாவே ஏறு."

கல்லூரியில் சேர்ந்த பிறகு நூலகத்தில் மாடி பஸ்ஸின் பூர்விகத்தைத் தேடிப் படித்தேன். பாடத்தில் இல்லாததைப் படிப்பதில் எனக்கு எப்போதும் ஒரு சுறுசுறுப்பு. இங்கிலாந்தில் குதிரைகள் இழுத்த காலத்திலேயே கூரைமேல் ஆள் ஏற்றியிருக்கிறார்கள். மோட்டார் வந்த பிறகும் ரொம்ப நாள் மாடிக்குக் கூரை கிடையாது. மழை வந்தால் நனைய வேண்டியதுதான். அங்கே ஊருக்கு ஒரு கம்பெனி, கம்பெனிக்கு ஒரு நிறம். கண்டக்டர் ஒரு மணி அடித்தால் நிறுத்து, இரண்டு மணி அடித்தால் புறப்படு. இதைப் படித்ததும் வெளியே ஓடிவந்து அக்காவுக்குப் போன் செய்தேன். அப்போது அவள் கல்யாணமாகி, ஏரிக்கு நடுவே இருக்கும் பசியாவரத்தில் இருந்தாள்.

"வெள்ளக்காரனும் உன்ன மாதிரியே ரெண்டு தடவதான்க்கா!"

"பின்ன? என்கிட்ட கத்துக்கினு போயிருப்பான்."

ஊருக்கு ஒரு கம்பெனி என்றதும் எங்கள் பச்சை வண்டி ஞாபகம் வருகிறது. எங்கள் கரையிலிருந்து பொன்னேரிக்குப் போகும் தனியார் பஸ். முதலாளி பக்கத்து ஊர்க்காரர். பசியாவரம் தீவு, அப்போது பாலம் இல்லை, படகில்தான் வரவேண்டும். பஸ் கிளம்பும் நேரத்தில் ஏரியில் படகு வந்து, அதிலிருந்து யாராவது துண்டை உயர்த்தி ஆட்டினால், டிரைவர் எஞ்சினை ஓடவிட்டபடியே காத்திருப்பார். உள்ளே இருப்பவர்கள் முணுமுணுக்க மாட்டார்கள். நாளைக்கு அவர்களும் அந்தப் படகில் வருகிறவர்கள்தானே. பிறகு முதலாளி இறந்துபோனார், பிள்ளைகள் வண்டியை விற்றுவிட்டார்கள். வேறு பஸ் வந்தது, வேறு ஆட்கள் வந்தார்கள். சரியான நேரத்துக்குக் கிளம்புகிற நல்ல வண்டி.

அக்காவுக்கு முதல் பிரசவம். லீவு என்பதால் நானும் பசியாவரத்தில் அவளோடு இருந்தேன். வலி எடுத்து, விடிந்து, வெயிலும் ஏறிவிட்டது. பிள்ளை வரவில்லை. பொன்னேரி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகச் சொல்லிவிட்டார் ஊர் நர்ஸ். ஆம்புலன்ஸுக்குச் சொல்லிவிட்டுப் படகில் ஏறினோம். பாதி ஏரி தாண்டியபோது கரையில் பஸ் நிற்பது தெரிந்தது. அக்கா புருஷன் துண்டை ஆட்டினார். நான் துப்பட்டாவை ஆட்டினேன்.

"நிக்கும்டி. துண்டப் பாத்தா நிக்கும்" என்றாள் அக்கா.

பஸ் கிளம்பிப் போய்விட்டது. அந்த டிரைவரை நான் இன்றுவரை திட்டியதில்லை. தண்ணீரில் யாரோ துண்டை ஆட்டுகிறார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று அவருக்கு யார் சொன்னார்கள்?

ஆம்புலன்ஸ் வந்துகொண்டிருப்பதாகச் சொன்னார்கள். கரையில் இருந்த நிழல் ஒன்றுதான். அக்காவைத் தூக்கிக்கொண்டு போய் மாடி பஸ்ஸின் நீளமான பின் சீட்டில் கிடத்தினார்கள். தலை என் மடியில். புடவை முந்தானையைப் பல்லில் கடித்திருந்தாள், பறிக்கயிற்றைக் கடிப்பதுபோலவே. கொஞ்ச நேரம் கழித்து அதை விட்டாள்.

"ஏன்டி இன்னும் நிக்குது?"

"கெளம்பிரும்க்கா."

"ரைட் குடுடி."

காலால் இரண்டு தடவை மிதித்தேன். தகரம் அதிர்ந்தது. அவள் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பி ஏரியைப் பார்த்தாள். ஆம்புலன்ஸ் வந்தபோது அக்காவும் இல்லை, வயிற்றில் இருந்த பிள்ளையும் இல்லை.

அந்த மாடி இப்போது அங்கே இல்லை. ஏரியில் இறால் குறைந்ததும் வியாபாரி அதைப் பழைய இரும்புக்குப் போட்டுவிட்டார். மணலில் கொஞ்ச நாள் நீளமாக ஒரு துருக்கோடு தெரிந்தது. மழைக்குப் பிறகு அதுவும் இல்லை. பச்சை வண்டியின் பேரைச் சொன்னால் ஊரில் பாதிப் பேருக்குத் தெரியாது. படகிலிருந்து துண்டை ஆட்டினால் ஈரம் உதறுகிறார்கள் என்று நினைப்பார்கள். டச்சுக்காரன் கல்லறை மட்டும் வேலிக்குள் பத்திரமாக இருக்கிறது.

சென்ற வாரம் நான் ஏறிய அந்தப் புது பஸ் ஒரு நிறுத்தத்தில் நின்றது. எல்லோரும் ஏறிய பிறகும் கிளம்பவில்லை. என் கால் தானாக உயர்ந்தது. பக்கத்தில் இருந்தவருக்குக் கேட்காதபடி, மெதுவாக, இரண்டு தடவை மிதித்தேன்.

வண்டி கிளம்பியது. கீழே உண்மையாகவே ஒரு டிரைவர் இருந்தார்.