கிராஃப்டுக்குக் கொடுத்த வாக்கு

ஹால்வர் ஸ்லெட்டன் வக்கீலாவதற்கு முன் ஆறு வருடம் பைன் ஃபோர்க் மர ஆலையில் ரம்பத்தடியில் நின்றவர். பத்து விரலோடு அவர் வெளியே வந்ததை ஊரே அதிர்ஷ்டம் என்றது. கூட நின்ற அண்டன் வ்ராபெலுக்கு வலது கையில் இரண்டு விரல்தான் மிச்சம்.

1908-இல் விஸ்கான்சின் சட்டசபைக்கு நின்றபோது ஸ்லெட்டன் ஒன்றே ஒன்றைத்தான் சொன்னார்: ஆலை ரம்பங்களுக்கு இரும்பு மூடி போடச் சட்டம் கொண்டுவருவேன். கூட்டத்துக்குக் கூட்டம் அண்டன் மேடையேறிக் கையைத் தூக்கிக் காட்டினார்.

"நல்லாப் பாத்துக்கங்க. முதலாளி வீட்டு நாய்க்குக்கூட என்னைவிட விரல் ஜாஸ்தி!"

ஜனம் சிரித்தது. ஸ்லெட்டன் ஜெயித்தார்.

மசோதா வாக்கெடுப்புக்கு வந்த அன்று காலை, அதை எதிர்த்துவந்த உறுப்பினர் லைமன் கிராஃப்ட் சபை வாசலில் அவரை மறித்தார்.

"வக்கீலே, வீட்டுல அவளுக்கு நெஞ்சுச்சளி முத்திருச்சு. உடனே வாங்கன்னு டாக்டர் தந்தி அடிச்சிருக்கார். எனக்கு ஜோடியா இருப்பீங்களா?"

அது அந்தச் சபையின் பழைய வழக்கம். ஒருவர் அவசரமாக ஊருக்குப் போனால், எதிர்ப்பக்கத்தில் ஒருவர் வாக்களிக்காமல் இருந்துவிடுவார். இரண்டு பக்கமும் ஒவ்வொன்று குறையும், யாருக்கும் நஷ்டமில்லை. எழுத்து கிடையாது, கைகுலுக்கல்தான். தம் பக்கம் ஆறு பேர் அதிகம் இருந்ததால் ஸ்லெட்டன் யோசிக்காமல் கையைக் கொடுத்தார்.

பெயர் கூப்பிட ஆரம்பித்ததும் அவர் பக்கம் இருந்த மூன்று பேர் குனிந்த தலை நிமிராமல் "வேண்டாம்" என்றார்கள். நாற்பத்தாறுக்கு நாற்பத்தாறு. சமமானால் மசோதா தோற்றதாக அர்த்தம்.

குமாஸ்தா இரண்டாம் முறை கூப்பிட்டார். "ஸ்லெட்டன்?"

மேலே பார்வையாளர் வரிசையில் அண்டன் எழுந்து நின்றுவிட்டார்.

"நான் ஜோடி போட்டிருக்கேன். வாக்களிக்க முடியாது."

மாடிப்படியில் அண்டன் காத்திருந்தார்.

"ஒத்த வார்த்தை வாயில வரல, இல்ல?"

"வாக்கு குடுத்துட்டேன் அண்டன்."

"அவனுக்குக் குடுத்தது வாக்கு. எங்களுக்குக் குடுத்தது என்ன, ஏப்பமா?"

வாக்கெடுப்பு நடந்த அதே நாளில் கிராஃப்டின் மனைவி தேவாலயத்தில் ஆப்பிள் கேக் விற்றுக்கொண்டிருந்தாள் என்று அந்த வாரப் பத்திரிகையிலேயே வந்தது. ஸ்லெட்டன் அதை மடித்துக் கொண்டுபோய் கிராஃப்டின் மேஜையில் வைத்தார். கிராஃப்ட் பல்லைக் குத்திக்கொண்டே படித்தார்.

"வண்டியேறி ஊரு போயிப் பாத்தா, சளி இறங்கிருச்சுப்பா. ஆனாலும் நீங்க யோக்கியர்! அன்னைக்கு எங்காளுங்க எல்லாரும் அதத்தான் சொன்னாங்க."

அடுத்த தேர்தலில் ஸ்லெட்டன் சொந்த ஊரிலேயே தோற்றார். தீவனக்கடை மாடியில் மறுபடி வக்கீல் பலகையை மாட்டினார். தெருவில் ஆலைக்காரர்கள் அவரைக் கண்டால் உதட்டில் விரல் வைத்துக் காட்டிப் போனார்கள்.

அந்தக் குளிர்காலம், மூடியில்லாத அதே ரம்பம் அண்டனின் மச்சான் யோசஃபின் கையை முழங்கையோடு கொண்டுபோனது. கேட்டதும் ஸ்லெட்டன் பனியில் நடந்தே போய் அண்டன் வீட்டுக் கதவைத் தட்டினார்.

"யோசஃபுக்காகக் கோர்ட்டுல நான் பேசுறேன். எனக்கு ஒண்ணும் வேண்டாம்."

"நீ பேசுவியா?" அண்டன் கதவைப் பாதிதான் திறந்திருந்தார். "அங்க அவங்க வக்கீலுக்கு வீட்டுல சளி புடிச்சா என்ன செய்வ?"

ஸ்லெட்டன் கையை நீட்டினார்.

அண்டன் அந்த ஐந்து விரலையும் பார்த்தார்.

"இத கிராஃப்டுக்கே குடு. அவன்தான் பிடிப்பான்."

கதவு சாத்திக்கொண்டது.