மனுவில் நான் சேர்க்காத பெயர்

என் கணவர் காய்ச்சலில் இறந்த மறு வருஷம் ராமநாதபுரத்தில் ஆசிரியை வேலையில் சேர்ந்தேன். வேலைக்குப் போகிறவளிடம் குழந்தை வளரக் கூடாது என்று சொல்லி, என் மூன்று வயது மகளை மண்டபத்தில் மாமனார் வீட்டில் வைத்துக்கொண்டார்கள். கெஞ்சிப் பார்த்துவிட்டுக் கோர்ட்டுக்குப் போனேன்.

மனு எழுதும்போது வக்கீல் கேட்டார்: "மாமியாரையும் சேத்துருவமா?"

"வேணாங்கய்யா. அவுக மகனப் பறிகுடுத்தவுக."

எங்கள் பக்கத்தில் வீட்டுப் பெண்ணின் பெயரைக் கோர்ட் சேவகர் வாசலில் நின்று கூப்பிட்டால், அந்தப் பேச்சு நாலு தலைமுறைக்கு ஓயாது. அத்தைக்கு அந்த அவமானத்தைத் தர எனக்கு மனம் வரவில்லை. நல்ல மருமகள் என்று பெயர் வாங்கும் ஆசையும் இருந்ததோ என்னவோ.

வழக்கு முடியும்வரை ஞாயிறுதோறும் குழந்தையை என்னிடம் அனுப்பும்படி மாமனாருக்கு உத்தரவானது. ஆறு ஞாயிறு வந்தாள். ஏழாவது ஞாயிறு வரவில்லை. மாமனார் தன் கடைக்கு மிளகாய் வாங்க முதுகுளத்தூருக்குப் போயிருந்த வாரத்தில், அத்தை அவளைத் தூக்கிக்கொண்டு தனுஷ்கோடியில் கப்பலேறி, கொழும்பிலிருக்கும் மூத்த மகன் வீட்டுக்குப் போய்விட்டார்.

மாமனார் மேல் கோர்ட் அவமதிப்பு மனு போட்டோம். அதைச் சென்னையில்தான் விசாரிப்பார்களாம். உத்தரவு என்றால் கடல் தாண்டியும் கை நீளும், குழந்தை வந்துவிடும் என்று நம்பி, அவளுக்கு ஒரு பாவாடைகூடத் தைத்து வைத்திருந்தேன்.

விசாரணை கால்மணி நேரம்கூட நடக்கவில்லை; மனு தள்ளுபடியானது. வெளியே வந்து வக்கீல் விளக்கினார்.

"அவரு ஊர்ல இல்லாதப்ப, அவருக்குத் தெரியாம நடந்ததுன்னு ஜட்ஜ் ஏத்துக்கிட்டாரும்மா. உங்க மாமியார் பேரு உத்தரவுல இல்ல. அவுகளுக்கு நோட்டீசும் போகல."

"அப்ப எம்புள்ள?"

"மீறுனவனத் தண்டிக்கத்தாம்மா இந்த மனு. அவரை ஜெயில்ல போட்டிருந்தாலும் புள்ள வராது. அதுக்குப் புதுசா கொழும்புக் கோர்ட்டுலதான் கேக்கணும்."

வராந்தாத் தூணருகில் மாமனார் நின்றிருந்தார். என்னைக் கண்டதும் தோள் துண்டை இறக்கிக் கையில் பிடித்துக்கொண்டார். அவரைத் திட்ட வேண்டும் என்றுதான் நெருங்கினேன்.

"மாமா, அவளுக்குக் குளுந்த தண்ணில தலைக்கு ஊத்துனா காது வலிக்கும். அத்தைக்கு அது தெரியாது."

"எழுதிக் குடும்மா. கொழும்புக்குப் போற கடைக் கடுதாசியோட அனுப்புறேன்."

வக்கீலிடம் காகிதம் வாங்கி எழுதினேன். காது, இரவில் வரும் இருமல், மீன் முள், இருட்டுப் பயம். எழுத எழுத வந்துகொண்டே இருந்தது. மாமனார் மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

"நீ ஒண்ணும் வெசனப்படாத. மொத ரெண்டு நாளுதான் அம்மா அம்மான்னாளாம். இப்பக் கேக்குறதே இல்லையாம்."

ஆறுதலுக்குத்தான் சொன்னார். நானும் சரியென்று தலையசைத்தேன்.