கொடியில் காய்ந்த கம்பளி உறை

அதை முதன்முதலில் பார்த்தபோது டீக்கடை வடிகட்டி என்றுதான் நினைத்தேன். வெள்ளைக் கம்பளியில் பின்னிய உறை. முழத்துக்குக் கொஞ்சம் குறைவான நீளம். ஒரு பக்கம் வாய் திறந்திருக்கும், மறுபக்கம் கூம்பி மூடியிருக்கும். குதிகால் கிடையாது, விரல் கிடையாது. எங்கள் வீட்டு ஜன்னலுக்கும் பக்கத்து வீட்டுக் கொல்லைக்கும் நடுவில் ஒரு கிளுவை வேலிதான். அந்தக் கொல்லைக் கொடியில், பிள்ளைகளின் பாவாடைகளுக்கு நடுவே, தினமும் அப்படி ஒன்று காயும். காரைக்கால் வெயிலுக்குக் கம்பளி எதற்கு என்று எனக்கு ஒரே குறுகுறுப்பு. "டீக்கடை வைக்கப் போறீங்களா அத்தை?" என்று வேலிக்கு இந்தப் பக்கம் நின்று ஒருநாள் கேட்டேவிட்டேன். அவர் சிரித்தார். "ஆமா பாப்பா, மொத டீ ஒனக்குத்தான்" என்றார். உள்ளே வந்ததும் அம்மா என் தலையில் ஒரு குட்டு வைத்தார். "படிச்சவளாம் படிச்சவ. அது அவுங்க வீட்டுக்காரரு வெட்டுப்பட்ட காலுக்குப் போடுற உறைடி" என்றார். அன்று முழுக்க எனக்குச் சோறு இறங்கவில்லை.

எழுபதுகளின் நடுவில் நடந்தது இது. புதுச்சேரியில் படிப்பை முடித்து, காரைக்காலில் ஒரு பள்ளிக்கூடத்தில் பிரெஞ்சு டீச்சராக வேலை கிடைத்து, தருமபுரத்தில் வீடு எடுத்து அம்மாவோடு குடிவந்திருந்தேன். பக்கத்து வீடு அத்தையின் தம்பியுடையது. அத்தை என்றால் எனக்கு உறவு ஒன்றும் இல்லை, தெருவில் எல்லோரும் கூப்பிட்ட மாதிரி நானும் கூப்பிட்டேன். அவருடைய கணவர் இரண்டு தெரு தள்ளி, தன் சொந்த வீட்டில் தனியாக இருந்தார். பிரெஞ்சுப் பட்டாளத்துக்காரரை எங்கள் ஊரில் சொல்தா என்போம். அவர் சைகோன் பக்கம் சண்டைக்குப் போய், வலது காலை முழங்காலுக்குக் கீழே அங்கேயே விட்டுவிட்டு வந்த சொல்தா. மாதாமாதம் பென்சன், வருஷத்துக்கு ஒருமுறை பார்சலில் கம்பளி உறை, கட்டைக்கால் தேய்ந்தால் வேறு கால், எல்லாம் கடல் தாண்டி வந்துகொண்டிருந்தன. ஊரில் பல பேருக்கு அவர் மேல் பொறாமைகூட உண்டு. ஒரு காலை வெட்டிக் கொடுத்துவிட்டு வாங்கட்டுமே பார்ப்போம் என்று எனக்குக் கோபம் வரும்.

அத்தை ஏன் தம்பி வீட்டில் இருந்தார் என்பதைத் தெருவே அறியும். தம்பி மகள் வயசுக்கு வந்தபோது அத்தை சடங்குக்குக் கொஞ்சம் பணம் கேட்டிருக்கிறார். சொல்தா அன்றைக்குக் குடித்திருந்தார். தம்பியை எதிரே நிற்க வைத்துக்கொண்டே, "ஒன் குடும்பமே சேந்து என் காலைத்தான் கடிச்சுத் தின்னுது" என்று சொல்லிவிட்டார். அத்தை அழவில்லையாம். "இனிமே ஒங்க கால் காசுல ஒரு பருக்கை என் வாயில படாது. இந்தப் படியும் ஏற மாட்டேன்" என்று சொல்லிவிட்டுக் கட்டிய சேலையோடு தம்பியின் பின்னால் நடந்து வந்துவிட்டார். பிள்ளை குட்டி கிடையாது, இழுத்துப் பிடிக்க ஆளும் இல்லை.

ஆனால் மறுநாள் காலை ஏழு மணிக்கு அவர் அந்த வீட்டின் கொல்லையில் நின்றார். அதற்கடுத்த நாளும் நின்றார். இப்படியே ஒன்பது வருஷம். விடியற்காலையில் இடியாப்பம் பிழிந்து தெருவுக்கு விற்பார். முதல் ஈடு சொல்தாவுக்கு. தூக்குச் சட்டியில் அதை எடுத்துக்கொண்டு பின்பக்கமாகப் போவார். சொல்தா கிணற்றடிக்குத் தவ்வித் தவ்வி வந்து முக்காலியில் உட்கார்ந்திருப்பார். அத்தை அந்தக் காலின் முனையைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, புண் இருந்தால் மருந்து போட்டு, பவுடர் தூவி, சலவை உறையை மாட்டி, கட்டைக்காலைப் பொருத்தி வாரைக் கட்டிவிடுவார். சொல்தாவுக்கு முதுகிலும் ஒரு குண்டுத் துண்டு தங்கியிருந்ததால் குனிய முடியாது. வேறு ஆள் தொட விடவும் மாட்டார். அத்தைக்குக் காய்ச்சல் வந்த ஒருநாள், மத்தியானம் வரைக்கும் கட்டைக்காலை மாட்டாமல் முக்காலியிலேயே உட்கார்ந்திருந்தாராம் அந்த வீம்புக்காரர். இருவருக்குள்ளும் பேச்சு வார்த்தை கிடையாது. அழுக்கு உறையோடு அத்தை திரும்பி வருவார். துவைத்துக் கொடியில் போடுவார். அதைத்தான் நான் வடிகட்டி என்று நினைத்தேன்.

எழுபதுகளின் கடைசியில் ஒரு மத்தியானம் சொல்தா நெஞ்சைப் பிடித்துக்கொண்டு செத்துப்போனார். வாசல் பந்தலில் கிடத்தியிருந்தார்கள். அத்தை தலைமாட்டிலேயே உட்கார்ந்திருந்தார், எடுக்கும் வரை நகரவில்லை. வீட்டுக்குள் போய் முகம் கழுவிக்கொண்டு வரச் சொன்னபோதும் படி ஏறவில்லை. தெருக் குழாயில்தான் கழுவினார். செத்த வீட்டில்கூட இவ்வளவு வீம்பா என்று பெண்கள் முணுமுணுத்தார்கள். எனக்கும் கொஞ்சம் அப்படித்தான் தோன்றியது. தம்பிதான் சொல்தா வீட்டைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டார்.

ஊனமுற்ற சொல்தா இறந்தால் அவர் பென்சனில் ஒரு பங்கு மனைவிக்கு வரும். அத்தைக்கு அதைக் கேட்க மனசில்லை. ஆனால் இடியாப்பம் பிழிந்து பிழிந்து வலது மணிக்கட்டு வீங்கிப்போய், உழக்கைக்கூடப் பிடிக்க முடியாமல் ஆகியிருந்தது. தம்பிக்குக் கடையில் எடை போடும் வேலை, மூன்று பெண்கள். தம்பி மனைவி நல்லவள்தான். ஆனாலும் சோறு போடும்போது கரண்டி சட்டியில் இடிக்கும் சத்தம் கூடிக்கொண்டே வந்தது. அந்தச் சத்தம் வேலி தாண்டி எனக்கே கேட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை தம்பி, அத்தையைக் கையோடு அழைத்து வந்து என் மேஜைக்கு முன்னால் உட்காரவைத்தார். "பாரம் நீங்களே பூர்த்தி பண்ணிடுங்க டீச்சர். எழுத வெளிய குடுத்தா கண்டபடி எழுதிடுவானுங்க" என்றார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. கண்டபடி எழுதியது யார் என்று பின்னால் தெரிந்தது.

கேள்விகளை ஒவ்வொன்றாகப் படித்துத் தமிழில் சொன்னேன். பிறந்த தேதி, கல்யாணம் பதிந்த தேதி. அதற்குப் பிறகு, கணவர் இறக்கும்போது இருவரும் சேர்ந்து வாழ்ந்தீர்களா என்று ஒரு கேள்வி. அத்தை என்னைப் பார்க்கவில்லை, ஜன்னலைப் பார்த்தார். "இல்ல பாப்பா. நான் அந்த வீட்டுல இல்ல" என்றார். எத்தனை வருஷமாக என்றேன். "ஒம்போது." நான் எழுதினேன். ஒன்பது வருஷமாகக் கணவரைப் பிரிந்து வேறு வீட்டில் வசித்தவர் என்று, ஒரு எழுத்துப் பிழையில்லாமல், அழகான கையெழுத்தில் எழுதினேன். கேட்ட கேள்விக்கு நேர்ப் பதில் எழுத வேண்டும் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பவள் அல்லவா நான்! ஜன்னலுக்கு வெளியே அந்த வெறும் கொடியைப் பார்த்துக்கொண்டேதான் எழுதினேன். ஒன்பது வருஷம் அதில் காய்ந்த உறை அப்போது என் புத்தியில் ஏறவில்லை. இன்றைக்கும் அதை நினைத்தால் என் கையை நானே அடித்துக்கொள்ளலாம் போலிருக்கும்.

ஆறேழு மாதம் கழித்துப் பதில் வந்தது. கணவரைப் பிரிந்து வாழ்ந்தவர் என்பதால் கொடுப்பதற்கில்லை. நான்தான் படித்துச் சொன்னேன். தம்பி மனைவி எழுந்து அடுப்படிக்குப் போனாள். அத்தை, "அதான் நெசந்தானே" என்றார். அவ்வளவுதான்.

அந்த வாரம் திருமலைராயன்பட்டினத்திலிருந்து சைக்கிள் மிதித்துக்கொண்டு ஒரு பெரியவர் வந்தார். சொல்தாவோடு சைகோனில் கிடந்தவர். என்னை மதாம் என்றுதான் கூப்பிடுவார். முதல் மனுவின் நகலை வாங்கிப் படித்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார். "என்ன மதாம் இது? படிச்ச நீங்களா எழுதுனீங்க? தெனம் அந்தக் காலைக் கழுவுனது யாரு, அந்த ஆபீசுக்காரன் அப்பனா? கூட இருந்து பாத்துக்கிட்ட பொஞ்சாதிக்குத்தானே இந்தப் பணமே!" என்றார். மறுபடி மனுப் போடலாம், தான் சாட்சிக் கையெழுத்துப் போடுகிறேன், இரண்டு பேரும் ஒரே வீட்டில் இருந்ததாக எழுதிவிடுங்கள் என்று வழியும் சொன்னார். நான் வெட்கத்தில் குன்றிப்போய் நின்றேன்.

அத்தையிடம் போனேன். கொல்லையில் உட்கார்ந்து இடது கையால் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார். ஒரே வீடு என்று எழுதப் போகிறேன், சரியென்று ஒரு வார்த்தை சொல்லுங்கள் என்றேன். முறத்தைக் கீழே வைத்தார். அவர் அவ்வளவு நேரம் தொடர்ந்து பேசி நான் கேட்டது அன்றைக்கு மட்டும்தான்.

"கடைசி நாளு காலைல வாரைக் கட்டிட்டு எந்திரிக்கிறேன். ஒம்போது வருசம் வாயத் தொறக்காத மனுசன், 'உள்ள வந்து ஒரு வாய் காப்பி குடிச்சிட்டுப் போ'ன்னாரு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு பாப்பா. போயிருக்கலாம்ல? நாலு எட்டுதான். அரிசி ஊறுது, நாளைக்குப் பாக்கலாம்னு சொல்லிட்டு வந்துட்டேன். ஒரு நாள் அலையவுடணும்னு இருந்துச்சு. மத்தியானம் ஆளு வந்து சொல்றான், செத்துட்டாருன்னு." முறத்தை மறுபடி மடியில் எடுத்து வைத்துக்கொண்டார். "அவரு கூப்புட்டாரு, இவ போவலன்னு எழுது. அது நெசம். அதை எழுதி அவுங்க குடுத்தா வாங்கிக்கிறேன்."

அந்தப் பாரத்தில் அதை எழுத எங்கே இடம் இருக்கிறது? நான் மூன்று பக்கம் தனிக் கடிதம் எழுதினேன். தினமும் காலைக் கழுவியது, மருந்து போட்டது, உறை துவைத்தது எல்லாம் எழுதினேன். என் வாழ்க்கையிலேயே நான் எழுதிய நல்ல பிரெஞ்சு அதுதான். கடைசியில், எனக்குப் பிரெஞ்சு போதாது, அம்மையார் சொன்னதைத் தவறாகப் புரிந்துகொண்டு முதல் மனுவில் பிழையாக எழுதிவிட்டேன், அவர் கணவரின் கடைசி நாள் வரை அதே வீட்டில்தான் உடனிருந்தார் என்று எழுதி என் கையெழுத்தையும் போட்டேன். பிரெஞ்சு டீச்சருக்குப் பிரெஞ்சு தெரியாது என்று அவளே எழுதிக் கொடுத்த கதை இது. அத்தை ஒவ்வொரு எழுத்தாகத் தன் பெயரைத் தமிழில் எழுதிவிட்டு நிமிர்ந்தார். "கூப்புட்டதையும் எழுதிட்டியா?" என்று கேட்டார். "எழுதிட்டேன் அத்தை" என்றேன்.

அடுத்த வருஷம் உத்தரவு வந்தது. பட்டினத்துப் பெரியவர்தான் தம்பி வீட்டுக் கூடத்தில் நின்று சத்தமாகப் படித்துத் தமிழில் சொன்னார். எனக்கு முன்பே அவர் கைக்குப் போய்விட்டது. கணவர் இறக்கும் நாள் வரை அவருடன் ஒரே வீட்டில் வாழ்ந்து பராமரித்தவர் என்பதால் வழங்கப்படுகிறது என்ற வரி வந்ததும் என் காது அடைத்துக்கொண்டது. தம்பி கும்பிட்டார். தம்பி மனைவி அழுதேவிட்டாள். அத்தை என்னை மட்டும் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பேன்.

மறுநாள் காலை வேலிப் பக்கம் வந்து, "அந்த வீட்டுச் சாவிய தம்பிகிட்ட வாங்கிட்டேன். ஒரு கை புடி பாப்பா" என்றார். ஒரு டிரங்குப் பெட்டி, ஒரு குடம். அவ்வளவுதான் அவர் சொத்து. நான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னால் போனேன். வழியில், எதற்கு இப்போது அங்கே தனியாக, இங்கேயே இருக்கலாமே என்று கெஞ்சினேன். "அங்கதான் இருந்தேன்னு நீ எழுதிட்டியே. வாங்குற காசுக்கு அதையாவது நெசமாக்க வேணாமா?" என்றார். குத்திக்காட்டிச் சொல்லவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னார். சொல்தா வீட்டு வாசலில் மூன்று படிகள். முதல் படியில் கால் வைத்துவிட்டு ரொம்ப நேரம் நின்றார். நான் பெட்டியோடு பின்னால் நின்றுகொண்டு அழுதேன். அவர் திரும்பிப் பார்க்கவில்லை. உள்ளே போய்க் கதவுகளைத் திறந்துவிட்டு, அடுப்பைப் பற்ற வைத்துக் காப்பி போட்டார். எனக்கு ஒரு தம்ளர் கொடுத்துவிட்டு, தன்னுடையதை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு வருஷத்துக்கு ஒருமுறைதான் என் மேஜைக்கு வருவார். பென்சன் வாங்குபவர் உயிரோடு இருக்கிறார் என்று ஒரு சான்று அனுப்ப வேண்டும். "உசுரோட இருக்கேன்னு எழுது" என்பார். விலாசம் எழுதும் இடம் வந்ததும், "எங்க இருக்கேன்னும் சரியா எழுது" என்பார். நான் சொல்தா வீட்டு விலாசத்தை எழுதுவேன். பணத்தில் பாதி தம்பி வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. அந்தப் பெண்கள் படித்தார்கள், கல்யாணம் ஆகிப் போனார்கள். எண்பதுகள் முடிவதற்குள் அத்தையும் போய்விட்டார். அந்த வீட்டுக்குள், அந்தக் கூடத்தில்.

இப்போது நானே ஓய்வூதியக்காரி. வருஷா வருஷம் உயிரோடு இருப்பதாக எழுதிக் கொடுக்கிறேன். பேனாவை எடுத்தால் சொல்தா வீட்டுக் கொல்லைதான் கண்ணில் நிற்கிறது. அப்போது அத்தை அங்கே குடிபோய் ஒரு மாதம் இருக்கும். பள்ளிக்கூடம் போகும் வழியில், காலை ஏழே முக்கால் மணிக்கு, எட்டிப் பார்த்தேன். கிணற்றடியில் அந்த முக்காலி கழுவிப் போட்டிருந்தது. கொடியில் ஒரே ஒரு வெள்ளைக் கம்பளி உறை, தண்ணீர் சொட்டிக்கொண்டு தொங்கியது. என்னைப் பார்த்துவிட்டார். அவராகவேதான் சொன்னார்.

"கம்பளி, பாப்பா. தொவைக்காம வெச்சா பூச்சி அரிச்சிடும்ல."