யாரும் வரையாத சந்து

மேரி, ஸ்டீபன், உங்கள் இரண்டு பேருக்கும்தான் இதை எழுதுகிறேன். உங்களுக்குத் தமிழ் எழுத்துக்கூட்டித்தான் படிக்க வரும், பரவாயில்லை, மெதுவாகப் படியுங்கள். பேய், பிசாசு, ஆவி என்று யாராவது பேச ஆரம்பித்தால் நான் எழுந்து போய்விடுவேன் என்பது உங்களுக்குத் தெரியும். அன்றைக்கும் அப்படித்தான் இருந்தேன், இன்றைக்கும் பெரிதாக மாறிவிடவில்லை. ஆனாலும் இது நடந்தது. நம்பினால் நம்புங்கள், நம்பாவிட்டால் அப்பா கதை விடுகிறார் என்று சிரித்துக்கொள்ளுங்கள்.

அறுபதுகளின் நடுவில், எனக்குக் கல்யாணம் ஆகாத காலம். குர்லாவில் ஒரு பட்டறையில் வேலை, தாராவியில் குடியிருப்பு. மாலையில் காதர் அண்ணனோடு படம் வரையப் போவேன். காதர் அண்ணன் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதுகிறவர், மேலப்பாளையத்துக்காரர். இன்னொருவர் செல்லத்துரை, மில் தொழிலாளி, வீடு, தூண், ஜன்னல் என்று கோடு போட்டால் அளவுகோல் வைத்தது போல இருக்கும். எனக்கு வந்ததெல்லாம் மரமும் தரையும்தான், அதுவும் துணியைச் சுருட்டி நிறத்தில் தோய்த்து ஒற்றி ஒற்றி இலை போடுவேன்.

மாதுங்காவில் ஒரு நாடகக் குழு. எல்லாரும் ஆபீஸ் உத்தியோகஸ்தர்கள். அவர்களுடைய புது நாடகத்துக்குப் பின்னால் தொங்கவிடத் தெருக்காட்சி வரைந்த ஒரு துணிப் படுதா வேண்டும் என்றார்கள். குழுவின் செயலாளர் மணி சாரிடம், "போர்டு எழுதறவாளுக்கு இதெல்லாம் வருமா ஓய்?" என்று யாரோ கேட்டார்களாம். காதர் அண்ணன் தன் பெயரைப் பணயம் வைத்து வாங்கி வந்த வேலை அது. நன்றாக வந்தால் நாங்கள் மூன்று பேரும் இனி நாடகத்துக்கு வரைகிறவர்கள், கெட்டுப்போனால் காதர் அண்ணனுக்கு மாதுங்கா பக்கம் தலை காட்ட முடியாது.

படுதா இருபத்து நான்கு அடி நீளம். அதை விரிக்கத் தாராவியில் எங்கே இடம்? காதர் அண்ணனின் மச்சான் தோல் வைத்திருந்த கொட்டகையில், இரண்டு மூங்கிலில் இரு பக்கமும் சுருட்டி, நடுவில் இரண்டடி மட்டும் தெரிகிற மாதிரி கட்டினோம். முழுப் படத்தையும் செல்லத்துரை முன்னமே தேவாலய வளாகத்தில் விரித்துக் கரிக்கோட்டில் போட்டுவிட்டார். இரண்டடிக்கு ஒரு சுண்ணாம்புக் கோடு, ஒரு நாளைக்கு ஒரு கட்டம், மொத்தம் பன்னிரண்டு. மேலே வானம் காதர் அண்ணனுக்கு, நடுவே வீடுகள் செல்லத்துரைக்கு, கீழே எனக்கு. மூன்று பேரும் முடித்து, மூன்று பேரும் பார்த்த பிறகுதான் சுருட்ட வேண்டும். தனியாக யாரும் மூங்கிலைத் தொடக்கூடாது.

நான் தொட்டேன். ஒரு வெள்ளிக்கிழமை பட்டறையில் பாதி நாள் விடுப்பு. அண்ணன் தொழுகைக்குப் போயிருந்தார், செல்லத்துரை ஷிப்டில் இருந்தார். இவர்கள் வருவதற்குள் அடுத்த கட்டத்தில் மரத்தைப் போட்டு வைத்தால் சபாஷ் சொல்வார்களே என்ற ஆசையில் சுருட்டினேன். ஒரு கோட்டுக்குப் பதில் இரண்டு கோடு சுருண்டுவிட்டது எனக்குத் தெரியவே இல்லை. வேலை முடிந்த அன்று அண்ணன், "ஒரு நாள் முந்தியே முடிஞ்சிட்டேலே!" என்று என் முதுகில் தட்டினார். அப்போதும் எனக்கு உறைக்கவில்லை.

நாடகம் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். காலையில் கோயிலில் பாஸ்டர் பிரசங்கம் செய்துகொண்டிருக்கிறார், நான் வரைந்த நாள்களை விரல் விட்டு எண்ணுகிறேன், பதினொன்றுதான் வருகிறது. திரும்ப எண்ணினேன், பதினொன்று. படுதாவோ முந்தின நாளே கைவண்டியில் மாதுங்காவுக்குப் போய்விட்டது. ஜெபம் முடியும் முன்னே எழுந்து ஓடினேன்.

நான் போய்ச் சேர்ந்தபோது மேடையில் அண்ணனும் செல்லத்துரையும் படுதாவுக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார்கள்.

"அண்ணே, அவுக்காதிய. நடுவுல ஒரு கட்டம் வெள்ளையா கெடக்கு. நான்தான் தனியா சுருட்டுனேன்."

செல்லத்துரை அடிக்க வந்தார். "கோட்டிக்காரப் பயலே, ஒன்னய எவம்லே மூங்கியத் தொடச் சொன்னது? இந்தா, ஒன் சட்டையக் கழட்டி அதுல ஒட்டு!"

காதர் அண்ணன் திட்டாமல் கயிற்று முடிச்சைச் சரிபார்த்தார். அதுதான் அதிகம் வலித்தது. "எறக்கு, பாத்துக்கிடுவோம்" என்றார்.

படுதா இறங்கியது. வெள்ளை இல்லை.

பிள்ளைகளே, அந்த இடத்தில் ஒரு சந்து இருந்தது. இரண்டு வீட்டுக்கு நடுவே ஒடுங்கிப் போகிற சந்து, குறுக்கே ஒரு கொடி, அதில் ஈரத்துணி, மேலே மழை வரப்போகிற வானம், மூலையில் ஒரு முருங்கை மரம்.

"வெளாட்டா காட்டுத?" என்று செல்லத்துரை என் காதைப் பிடித்தார். பிடித்த கை அப்படியே நின்றுவிட்டது. "நான் கரியில அங்க வெறும் சொவருல்லா போட்டேன்."

அண்ணன் கிட்டே போய் மேகத்தைப் பார்த்தார். "இது என் கைதாம்லே. இந்த இழுப்பு வேற எவனுக்கும் வராது. ஆனா நான் போடலியே." நான் முருங்கை இலையைப் பார்த்தேன், என் துணி ஒற்றல்தான். ஜன்னல் செல்லத்துரையின் ஜன்னல்தான். ஆனால் அந்தச் சந்துக்குள் மூன்று பேர் கையும் பிரித்துப் பார்க்க முடியாதபடி ஒன்றாகக் கலந்திருந்தது. மற்ற பதினொரு கட்டத்திலும் நாங்கள் அப்படிச் சேரவே இல்லை என்பது அதைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது.

சாயங்காலம் திரை விலகியதும், நடிகர்கள் வருவதற்கு முன்னாலேயே கைதட்டினார்கள். இடைவேளையில் மணி சார் ஓடி வந்தார். "பேஷ்! அந்தச் சந்து இருக்கே, உள்ள போயிடலாம் போல இருக்கு. யார் போட்டேள்?"

காதர் அண்ணன் எங்கள் இரண்டு பேரையும் ஒரு தடவை பார்த்தார். "மூணு பேரும் சேந்துதான் சார்" என்றார். அது பொய் என்று எனக்கு இன்றுவரை தோன்றவில்லை. அன்றைக்கு என் மனசு நிறைந்திருந்தது. அதன் பிறகு எத்தனையோ படுதாக்கள் வரைந்தோம், மாதுங்கா, செம்பூர் என்று எங்கெங்கோ தொங்கின, ஒருவரும் எங்களைப் பலகை எழுதுகிறவர்கள் என்று சொல்லவில்லை.

ஆனால் ஒரு விஷயத்தை அண்ணனிடமும் செல்லத்துரையிடமும்கூட நான் சொன்னதில்லை. நாங்கள் பூசுவது வஜ்ஜிரப் பசையில் கரைத்த பொடி நிறம், ஒரு சாய் குடித்து முடிப்பதற்குள் காய்ந்துவிடும். நாடகம் முடிந்து அந்த முருங்கை இலையைத் தொட்டேன், விரலில் பச்சை ஒட்டியது. காலையிலிருந்து வெயிலிலும் விளக்குச் சூட்டிலும் தொங்கியது, அப்போதுதான் யாரோ கையை எடுத்த மாதிரி ஈரமாக இருந்தது. அதை நினைத்தால் இன்றைக்கும் அந்த விரல் நுனி சில்லென்று ஆகிறது.

எல்லாரும் பஜ்ஜி சாப்பிடக் கீழே போனார்கள். நான் மட்டும் மேடையில் நின்றேன். கீழே கிடந்த ஒரு நாடக விளம்பர அட்டையை எடுத்து, அந்தச் சந்துக்கு எதிரே உட்கார்ந்து, அது காயட்டும் என்று கை சலிக்கும் வரை விசிறிக்கொண்டிருந்தேன்.