எப்ப வருவாங்க என்று கேட்டுவிட்டேன்

நத்தம் சாலையில் நம் ஆபீஸ் விற்கும் மனைப்பிரிவுக்கு அன்று ஒரு குடும்பம் இடம் பார்க்க வந்திருந்தது. கூட்டிப்போய்க் காட்ட வேண்டிய செல்வராணி அக்காவைக் காணவில்லை. போன் செய்தேன். அவர் மகள் எடுத்தாள்.

"அம்மா இல்லக்கா."

"எப்ப வருவாங்க?" என்று கேட்டேன்.

அவள் அழத் தொடங்கிய பிறகுதான் எனக்குப் புரிந்தது. காலையில் நெஞ்சுவலி, ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே முடிந்துவிட்டது. அந்தக் கேள்வியை எப்படித் திரும்ப வாங்குவது என்று இன்றுவரை தெரியவில்லை. ஆபீஸில் நடந்த இரங்கல் கூட்டத்திலும் எனக்குப் பேச வரவில்லை. அதனால் எழுதுகிறேன்.

அந்த மனைப்பிரிவு ஒரு காலத்தில் அக்கா வீட்டு நிலம் என்பது உங்களில் பலருக்குத் தெரியும். "இது எங்க காடு சார், மல்லி போட்டிருந்தோம்" என்பார். விளைநிலத்தை நாம் காடு என்பது தெரியாமல், சென்னையிலிருந்து வந்த ஒருவர் மிரண்டு, "காடா? பாம்பு வருமா?" என்றார். "பாம்பெல்லாம் எங்க கூடவே காலி பண்ணிட்டுப் போயிருச்சு சார்" என்றார் அக்கா. வந்தவர் சிரித்தார், நானும் சிரித்தேன். அக்கா சிரித்தாரா என்று நான் கவனிக்கவில்லை.

எங்கள் நிலத்தையும் கேட்டு ஆட்கள் வருகிறார்கள். வீட்டில் முதலில் பட்டம் வாங்கியவள் என்பதால் அப்பா முடிவை என்னிடம் விட்டுவிட்டார். நான் அக்காவிடம் கேட்டேன்.

"கொடுத்துருங்க பாப்பா. ஒங்கப்பா இன்னும் எம்புட்டு நாளைக்குக் குனிஞ்சு பூப்பறிப்பாரு?" என்றார் காலையில்.

சாயங்காலம் பேருந்து நிலையத்தில் என் பையைப் பிடித்து நிறுத்தினார். "காலையில சொன்னதக் கேக்காத."

"அப்ப கொடுக்க வேணாமாக்கா?"

"அப்பிடியும் சொல்லல. இரு, யோசிச்சுச் சொல்றேன். எனக்கே இன்னும் வெளங்கல."

பழனி பஸ் வந்தது. ஏறிக்கொண்டார். விற்றதில் அவருக்கு நிம்மதியா, வருத்தமா? இரண்டு வருடம் பக்கத்து நாற்காலியில் இருந்தும் எனக்குத் தெரியாது. மூன்றாம் நாள் அவர் இல்லை.

நேற்று அப்பா கேட்டார். "அந்த ஆபீஸ் அக்கா என்னம்மா சொன்னுச்சு?"

"யோசிச்சுச் சொல்றேன்னாங்கப்பா."

"அதுவும் சரிதான். நெலத்தக் கொடுத்துப் பட்டவுக சொல்லட்டும். அவசரமில்ல."

அக்கா இறந்ததை அவரிடம் இன்னும் சொல்லவில்லை. சொன்னால் அடுத்த கேள்வி என்னிடம்தான் வரும். அக்கா சொன்ன இரண்டு பதில்களும் என்னிடம் இருக்கின்றன. அவர் சொல்லாமல் போன மூன்றாவதை நான்தான் சொல்லியாக வேண்டும்.