அம்மாவின் முதுகில் இருந்த மணல்

அம்மாவின் பாதத்தில் நெருஞ்சி முள் ஏறியிருந்ததை முதலில் பார்த்தவர் அப்பா. அம்மா வெங்காயக் காட்டிலிருந்து வந்து வாசல் குழாயில் கால் கழுவிக்கொண்டிருந்தாள்.

"ஏய், தண்ணியெல்லாம் ரத்தமா ஓடுது, பாக்கலையா?" என்றார்.

அம்மா காலைத் தூக்கிப் பார்த்தாள். ஒன்றல்ல, மூன்று முட்கள். ஒன்று குதிகாலில் முழுதாகப் புதைந்திருந்தது. அவளுக்கு வலிக்கவே இல்லை. "காடு மேடெல்லாம் நடந்த காலு, மரத்துப்போச்சு" என்று சிரித்தாள். நாங்களும் சிரித்தோம். அதற்கு முந்தின மாதம் இடது செருப்பு வழியில் கழன்று விழுந்தது தெரியாமல் ஒற்றைச் செருப்போடு வீடு வந்து சேர்ந்திருந்தாள். அதையும் மறதி என்றுதான் கேலி பண்ணினோம்.

நான் திண்டுக்கல்லில் ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்க்கிறேன். சேவுகம்பட்டியிலிருந்து தினமும் பஸ்ஸில் போய் வருவேன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தைக் கடைசி வகுப்புவரை பார்த்தவள் நான் ஒருத்திதான். அதற்கு மேல் இரண்டு வருடம் டிப்ளமோவும் படித்தேன். அதனால் கரண்ட் பில், ரேஷன் கார்டு, பயிர்க் காப்பீட்டுக் கடிதம், பக்கத்து வீட்டுக் கல்யாணப் பத்திரிகையில் முகூர்த்த நேரம் என்று எழுத்துள்ள எல்லாத் தாளும் என் கைக்கு வரும். "புள்ளைட்ட குடு, அது பாத்துச் சொல்லும்" என்பார்கள். நானும் பார்த்துச் சொல்வேன். தெரியவில்லை என்று ஒருமுறைகூடச் சொன்னதில்லை. அதில் எனக்கு அவ்வளவு பெருமை. இப்போதும் அந்தப் பெருமை போய்விட்டது என்று சொல்ல மாட்டேன்.

முள் விஷயத்தை என் வேலையிடத்தில் பேச்சோடு பேச்சாகச் சொன்னபோது, அங்கே வரும் டாக்டர் சிரிக்கவில்லை. உடனே முதுகுக்கு ஸ்கேன் எடுக்கச் சொன்னார். எடுத்தோம். இரண்டு நாள் கழித்து மதியச் சாப்பாட்டு நேரத்தில் நானே போய் ரிப்போர்ட்டை வாங்கிக்கொண்டு பஸ் ஸ்டாண்டு வரை நடந்தேன். வத்தலக்குண்டு பஸ் நிற்கும் இடத்தில் ஒரு தூணில் சாய்ந்து பிரித்துப் படித்தேன்.

நெஞ்சுக்குப் பின்பக்கம், முதுகெலும்புக்கு உள்ளே, தண்டுவடத்தை ஒரு பக்கமாக நெருக்கிக்கொண்டு, சுண்ணாம்பு ஏறிய ஒரு கட்டி இருக்கிறது என்று போட்டிருந்தது. கடைசி வரியில் நான் அதுவரை பார்த்திராத ஒரு சொல். சம்மோமா. அந்த வகையாக இருக்கலாம் என்று எழுதியிருந்தார்கள்.

போனில் தேடினேன். 'ஓமா' என்று முடிந்தால் பெரும்பாலும் கட்டி என்பது படிக்கிற காலத்திலேயே தெரியும். முன்பாதிதான் புதிது. அது கிரேக்கத்தில் மணலைக் குறிக்கிற சொல். ஆக, மணல்கட்டி. ரொம்ப வருடங்களுக்கு முன்னால் எங்கோ யாரோ ஒரு டாக்டர் இப்படியொரு கட்டியை அறுத்திருக்கிறார், கத்தியில் மணல் தட்டுப்பட்டிருக்கிறது, மணல் என்றே பேர் வைத்துவிட்டார். அந்தப் பேர் கடல் கடந்து, ஸ்கேன் சென்டர் கவருக்குள் மடித்து வைக்கப்பட்டு, பழனி பஸ்ஸும் மதுரை பஸ்ஸும் ஹாரன் அடிக்கிற இடத்தில் என் அம்மாவைத் தேடி வந்திருக்கிறது. செத்த நேரம் பயம்கூட வரவில்லை. வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

பிறகு கீழே படித்தேன். இன்று டாக்டர்கள் அந்தச் சொல்லைப் பெரும்பாலும் மூளையையும் தண்டுவடத்தையும் போர்த்தியிருக்கும் சவ்வில் வளரும் ஒருவகைக் கட்டிக்குப் பயன்படுத்துகிறார்கள். அது அநேகமாகப் புற்று இல்லை. மெதுவாக வளரும். நடுவயதுப் பெண்களுக்கு அதிகம் வரும். ஆனால் கட்டிக்குள் இருக்கும் அந்த மணலுக்கும், அதாவது நுண்ணோக்கியில் தெரியும் சுண்ணாம்பு மணிகளுக்கும், அதே பேர்தான். அந்த மணிகள் தைராய்டு புற்றிலும் இருக்கும், சினைப்பைப் புற்றிலும் இருக்கும். பேர் மட்டும் நல்லதையும் சொல்லாது, கெட்டதையும் சொல்லாது. எந்த இடத்தில் இருக்கிறது, சுற்றியிருக்கும் செல்கள் எப்படி இருக்கின்றன என்பதைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். இதெல்லாம் எனக்குப் புரிந்தது. ஆனாலும் என் கண், 'புற்று' என்ற சொல்லைவிட்டு நகரவில்லை.

அப்போது அப்பா போன் பண்ணினார். "ஆத்தா, என்ன போட்ருக்கு?"

எங்கள் வீட்டில் கட்டி என்றால் ஒன்றுதான். என் சித்திக்கு வந்தது. அந்த வருடமே அவள் போய்விட்டாள். அதற்குப் பிறகு வீட்டில் யாரும் அந்தச் சொல்லை உரக்கச் சொல்வதில்லை. எனக்கும் வாய் வரவில்லை.

"கல்லு மாதிரி ஒண்ணு இருக்காம்ப்பா. சுண்ணாம்பு படிஞ்சு கெட்டியாயிருச்சாம்."

"கல்லா?" அப்பாவின் குரலில் உயிர் வந்தது. "கல்லுதானா? கல்லுன்னா கரைச்சுப்புடலாமே!"

இல்லை என்று நான் சொல்லவில்லை. பஸ் வந்துவிட்டது என்று சொல்லிப் போனை வைத்தேன். பஸ் வரவில்லை.

நான் வீடு போய்ச் சேர்வதற்குள் பெரியம்மா வந்து உட்கார்ந்திருந்தாள். அம்மாவுக்கு மூத்தவள், அடுத்த தெரு. கையில் ஒரு முழ நீளத்துக்கு வாழைத்தண்டு.

"நான் அப்பவே சொன்னேன்" என்றாள் பெரியம்மா. "இம்புட்டு வருசமா வெத்தலைக்குச் சுண்ணாம்ப அப்பி அப்பித் தின்னா, அது எங்க போகும்? முதுகுல போயி உக்காந்துருச்சு."

"அப்ப உனக்கு?" என்றாள் அம்மா. "நீயுந்தேன் திங்குற."

"நான் கொஞ்சமாத் தடவுறேன். நீ செவுத்துக்கு அடிக்கிற மாதிரில அடிக்கிற!"

அன்றிலிருந்து அம்மாவுக்கு வெற்றிலையில் சுண்ணாம்பு கிடையாது. காலையில் வெறும் வயிற்றில் வாழைத்தண்டுச் சாறு. தெருவில் சிறுநீரகக் கல் விழுந்த ஒருவர் வந்து, தனக்கு எத்தனையாவது நாள் விழுந்தது, என்ன சத்தம் கேட்டது என்றெல்லாம் விளக்கிவிட்டுப் போனார். "மாட்டுக்குக் கழனித்தண்ணி மாதிரி ஊத்துறீக, மாடாவது குடிச்ச பெறகு அசைபோடும்" என்று அம்மா முகத்தைச் சுளிப்பாள். ஆனால் ஒரு நாள் விடாமல் குடித்தாள். நான் தாளைப் பார்த்துச் சொன்னது தப்பாக இருக்காது என்று அவளுக்கு அவ்வளவு நம்பிக்கை.

என் வேலையிடத்து டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்துவிட்டு, மதுரையில் அறுவை டாக்டரைப் பார்க்கச் சொல்லியிருந்தார். கல்தானே, வெங்காயம் எடுத்துவிட்டுப் போகலாம் என்று அப்பா தள்ளிவைத்தார். ஒவ்வொரு நாள் இரவும் நாளை சொல்லிவிட வேண்டும் என்று நினைத்துக்கொண்டு படுப்பேன். இப்படி மூன்று வாரம் போனது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை. பிடுங்கிப்போட்ட வெங்காயத்தைச் சுற்றி உட்கார்ந்து அதன் தாளை அரிந்துகொண்டிருந்தோம். அம்மா தண்ணி குடிக்க எழுந்தாள். எழுந்தாள் என்று சொல்லக் கூடாது. கையை ஊன்றி உந்தினாள், இடுப்புக்குக் கீழே எதுவும் கூட வரவில்லை. மறுபடி உந்தினாள். முதலில் சிரித்தாள். மூன்றாவது முறை சிரிக்கவில்லை. அப்பாவும் பெரியம்மாவும் அக்குளில் கை கொடுத்துத் தூக்கி வரப்பில் உட்கார வைத்தார்கள். கால் இரண்டும் யாரோ வைத்துவிட்டுப் போனவை மாதிரி முன்னால் கிடந்தன.

நான் அம்மாவுக்கு எதிரில் மண்ணில் உட்கார்ந்தேன்.

"அம்மா, அது கல்லு இல்ல. கட்டி."

பெரியம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். அப்பா என்னையே பார்த்தார்.

"எப்பயிருந்து தெரியும்?" என்று கேட்டாள் அம்மா.

"மொத நாளே."

அம்மா முன்னால் கிடந்த காலைக் கையால் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். பிறகு, "நீ படிச்சுச் சொன்னேன்னுதேன்டி குடிச்சேன்" என்றாள். கத்தவில்லை, திட்டவில்லை. அதன் பிறகு எத்தனையோ முறை அவள் என்னைத் திட்டியிருக்கிறாள். எதுவும் அந்த வரி அளவுக்கு எனக்கு உறைத்ததில்லை.

"நான் பயந்துருவேன்னு சொல்லலையாக்கும்?"

"இல்லம்மா. நாந்தான் பயந்துட்டேன்."

"சித்திக்கு வந்ததா?"

"அநேகமா இல்ல. எடுத்துப் பாத்தாத்தான் தெரியும். எடுக்காம விட்டா நடக்கவே முடியாம போயிரும்."

"அதுக்குப் பேரு இருக்கா?"

"சம்மோமா. மணலுன்னு அர்த்தம். கட்டிக்குள்ள மணல் மாதிரி சுண்ணாம்பு இருக்கும். ஒடம்பே உண்டாக்குறது. வெத்தலைக்கும் அதுக்கும் சம்பந்தமில்ல."

"வாயில நுழையுற மாதிரி பேரு வைக்க மாட்டாய்ங்களா?" என்றாள் பெரியம்மா, அழுகைக்கு நடுவே.

"நீ சும்மா இரு அக்கா. வெத்தலைய நிறுத்துன ஆளுதான நீயி." அம்மா என் பக்கம் திரும்பினாள். "இன்னொருக்கச் சொல்லு."

சொன்னேன். அவளும் சொன்னாள். சாமோ, சமோமா, சம்மோமா. அவள் பேரை எழுத நான் கற்றுக்கொண்ட நாளில் அதை எப்படி என்னைப் பார்த்துப் பார்த்து வரைந்தாளோ, அதே கவனத்தோடு நாலைந்து முறை சொல்லிப் பழகினாள்.

மறுநாள் வேன் பிடித்து மதுரைக்குப் போனோம். டாக்டர் படத்தை வெளிச்சத்தில் வைத்துப் பார்த்துவிட்டு வழக்கம்போல என்னைப் பார்த்துப் பேச ஆரம்பித்தார். அம்மா குறுக்கிட்டாள்.

"எனக்கு சம்மோமாங்க. முதுகுக்குள்ள மணலு. எடுத்துட்டா நடப்பேனா?"

டாக்டர் தன் நாற்காலியை அவள் பக்கம் திருப்பினார். யார் சொன்னது என்று கேட்டார். "எம்மக" என்றாள். அந்த இடத்தில் எனக்குப் பெருமையாகத்தான் இருக்க வேண்டும். தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"முன்னாடியே வந்திருந்தா நடப்பீங்கன்னு நிச்சயமாச் சொல்லியிருப்பேன்" என்றார் டாக்டர். "இப்ப வாய்ப்பு இருக்குன்னுதான் சொல்ல முடியும். சீக்கிரம் எடுத்துரணும்."

இரண்டாம் நாளே எடுத்தார்கள். காலையில் உள்ளே போனவள் சாயங்காலம்தான் வெளியே வந்தாள். சிறு புளியங்கொட்டை அளவுதான் என்றார் டாக்டர். தண்டுவடத்தில் ஒரு கீறல் விழாமல் துண்டு துண்டாகப் பெயர்த்தாராம். "கருவி பட்டா நறநறன்னுச்சு" என்று விரலைத் தேய்த்துக் காட்டினார். நூறு வருடத்துக்கும் மேலான ஒரு சொல்லை இந்தக் கை இன்று மறுபடி தொட்டிருக்கிறது என்று நினைத்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

மூன்றாம் நாள் அம்மாவின் வலது கட்டை விரல் அசைந்தது. இடது கால் அசையவில்லை.

எடுத்த கட்டியின் ரிப்போர்ட் தாமதமானது. நான் அந்த ஆஸ்பத்திரியின் லேபுக்கே போய்க் கேட்டேன். என்னைவிட நாலைந்து வயது மூத்த ஒரு பெண் டாக்டர் இருந்தார். சுண்ணாம்பு அதிகம் இருப்பதால் நுண்ணோக்கியில் பார்க்கிற அளவுக்கு மெல்லிசாகச் சீவ முடியவில்லை, அமிலத்தில் ஊறவைத்திருக்கிறோம் என்றார். அமிலத்துக்கே நாள் கணக்கில் ஆகிறது. எங்கள் வீட்டு வாழைத்தண்டை நினைத்து அங்கேயே சிரித்துவிட்டேன். ஏன் என்று கேட்டார். சொன்னேன். நானும் லேபில் வேலை பார்க்கிறேன் என்பதையும் சொன்னேன். தயாரானதும் பார்க்க வரச் சொன்னார்.

தினமும் நுண்ணோக்கியில் ரத்தத்தைப் பார்ப்பவள்தான் நான். ஆனாலும் அன்று கண்ணை வைத்தவுடன் எடுக்கத் தோன்றவில்லை. இளஞ்சிவப்புப் பரப்பில் ஊதா நிற வட்டங்கள். ஒவ்வொரு வட்டத்துக்குள்ளும் இன்னொரு வட்டம், அதற்குள் இன்னொன்று. யாரோ குறுக்கே அரிந்து பரப்பிவைத்த சின்ன வெங்காயம். தட்டு நிறைய. செல்கள் ஒன்றையொன்று சுற்றிப் படுத்து, நடுவில் இருப்பது மடிந்து, அதன் மேல் ஒரு சுற்றுச் சுண்ணாம்பு, அதன் மேல் ஒரு சுற்று. அவசரமே இல்லாத வேலை. நான் பள்ளிக்கூடத்தில் இருந்தபோதே ஆரம்பித்திருக்கலாம். அவள் களையெடுத்த நாளெல்லாம், என்னைக் கல்லூரிக்குப் பஸ் ஏற்றிவிட்ட நாளெல்லாம் அங்கே ஒரு சுற்று ஏறிக்கொண்டிருந்திருக்கிறது.

"சுத்தி இருக்கிற செல் எல்லாம் சாதுவா இருக்கு பாருங்க" என்றார் அந்த டாக்டர். "கெட்டது இல்ல." எனக்கு அழுகை வந்து, பார்த்துக்கொண்டிருந்தது எல்லாம் கலங்கியது.

அவரிடம் கேட்டுப் போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டு போய் அம்மாவிடம் காட்டினேன். சித்திக்கு வந்தது இல்லை என்று முதலில் சொன்னேன். அம்மா கண்ணை மூடித் திறந்தாள். பிறகு போனை வாங்கி முகத்துக்குக் கிட்டே வைத்துப் பார்த்தாள்.

"இது நம்ம வெங்காயம்ல?"

"உன் முதுகுக்குள்ள இருந்தது."

"இதெல்லாமா?" அவள் ஒவ்வொரு வட்டமாக விரலை வைத்துக்கொண்டே போனாள். "எங்கிட்ட ஒரு வார்த்த கேக்காம, உள்ளுக்குள்ள எம்புட்டு வேலை பாத்துருக்கு பாரேன்." குரலில் கோபமே இல்லை. நன்றாக விளைந்த அடுத்தவர் காட்டைப் பார்க்கிறபோது அவள் அப்படித்தான் பேசுவாள். பிறகு கேட்டாள், "மறுபடி வருமா?"

"தெரியலைம்மா" என்றேன். "அப்பப்ப ஸ்கேன் எடுத்துப் பாத்துக்கிரணும்."

அம்மா என்னை ஒரு நிமிடம் பார்த்தாள். "சரி" என்றாள்.

வாக்கரைப் பிடித்து வீட்டுக்குள் நடந்தாள், பிறகு சுவரைப் பிடித்து, பிறகு அப்பாவின் தோளைப் பிடித்து. இடது கால் மட்டும் இழுத்துக்கொண்டே வந்தது. தொட்டால் தெரிகிறதா என்று கேட்பேன். துணி சுற்றின மாதிரி இருக்கிறது என்பாள். நான் தள்ளிப்போட்ட மூன்று வாரம் அந்த இடது காலில்தான் நிற்கிறது என்று நினைத்துக்கொள்வேன்.

அடுத்த வெங்காயம் நடுகிற பருவம் வந்தது. சும்மா பார்த்துவிட்டு வருகிறேன் என்று அம்மா கம்பை ஊன்றிக்கொண்டு காட்டுக்குக் கிளம்பினாள். செருப்பை வரப்பிலேயே விட்டுவிட்டாள். நானும் அப்பாவும் பின்னால் போனோம். பாத்திக்குப் போகிற வழியில் திடீரென்று கம்பைக் கீழே போட்டாள்.

"ஆத்தீ!"

அப்பா ஓடினார். அம்மா அவர் தோளைப் பிடித்துக்கொண்டு ஒற்றைக் காலில் நின்றாள். தூக்கியிருந்தது இடது கால்.

"முள்ளு ஏறிருச்சுங்கேன், மரம் மாதிரி நிக்கிறீக! எடுத்து விடுங்க, உசுரு போகுது!"

அப்பா எடுக்கவில்லை. அவருக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்துவிட்டது. நான்தான் மண்ணில் முட்டி போட்டு அந்தப் பாதத்தை மடியில் வைத்துக்கொண்டேன். குதிகாலில் ஒரே ஒரு நெருஞ்சி முள். பிடுங்கியபோது வலியில் என் தலைமுடியைப் பிடித்து இழுத்தாள். இழுக்கட்டும் என்று இருந்தேன்.