மூடுபனிக்குப் பின்னால் எங்கள் லயம்

எனக்குப் பேய், பிசாசு, சாமியாடுவது எதிலும் நம்பிக்கை இருந்ததில்லை. தோட்டத்துத் திருவிழாவில் யாருக்காவது அருள் வந்தால் ஓரமாக நின்று போனைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஆள் நான். அதனால் நீங்கள் சிரித்தாலும் எனக்குக் கோபம் வராது, ஆனால் ஒரு வார்த்தைகூடக் கூட்டிச் சொல்லவில்லை.

சில வருஷத்துக்கு முன்னால், தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடான எங்கள் லயம் மண்சரிவில் போன பிறகு அம்மாவும் நானும் தெரணியகலை டவுனில் நஸீர் நானாவின் ஹார்ட்வேர் கடைக்கு மேல்மாடியில் வாடகைக்கு இருக்கிறோம். சரிந்த அன்று அம்மா மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தாள், நான் கொழும்பில் படித்துக்கொண்டிருந்தேன், பிழைத்தோம். அம்மாவின் தங்கை செல்வி சித்தி மட்டும் கிடைக்கவில்லை. லயத்தின் கடைசி அறையான சித்தியின் காம்பரா இருந்த இடத்தை மூன்று வாரம் தோண்டினார்கள், ஒன்றுமில்லை. ஆளைப் பார்க்காமல் கருமாதி செய்ய அம்மா சம்மதிக்கவே இல்லை.

என் வேலை கம்ப்யூட்டரில். வெளிநாட்டில் இருபது வருஷத்துக்கு முன்னால் செய்த ஒரு வீடியோ கேம், அதற்குள் ஒரு முழு நாட்டையே சுற்றித் திரியலாம். அதைப் புது கன்சோல்களுக்காகத் துலக்கி மறுபடி வெளியிடும் ஒரு கம்பெனிக்கு வீட்டிலிருந்தே வேலை செய்தேன். அந்தக் காலத்து மெஷின்களுக்குத் தூரத்தைக் காட்டச் சக்தி கிடையாது, அதனால் எல்லையில் மூடுபனியைப் போட்டு மறைத்திருப்பார்கள். இப்போது அது தேவையில்லை. பனியை எடுத்துவிட்டு, ஓரமாக நடந்து பார்த்து, எங்கே தரையில் ஓட்டை இருக்கிறது என்று குறிப்பது என் பொறுப்பு.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், நல்ல மழை. வடக்கு மூலையில் பனியை எடுத்தேன். பின்னால் வெறும் வெள்ளையாக இருக்க வேண்டும். மலை இருந்தது. பாலைவனமும் பைன் மரமும் மட்டுமே உள்ள அந்த நாட்டில், நம்பினால் நம்புங்கள், தேயிலை. ஒவ்வொரு இலையிலும் நரம்பு தெரிந்தது, இலை நுனியில் தண்ணீர் நின்றது, அப்படி வரைய எங்கள் கம்பெனியில் யாராலும் முடியாது. கேமில் என் ஆளை நடக்க விட்டேன். வளைவைத் தாண்டியதும் ஒரு பெரிய பாறை, அதன் பக்கத்தில் தகரக் கூரை போட்டு வரிசையாகப் பத்துக் கதவுகள்.

தேத்தண்ணீர் கொண்டுவந்த அம்மா திரையைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள்.

"அடியே, இது நம்ம லயம்டி!"

அந்தச் சத்தத்துக்குக் கடையிலிருந்து நஸீர் நானா ஓடிவந்தார். ஒரு காலத்தில் எங்கள் லயத்துக்குத் துணி விற்க வந்தவர் அவர். அவரும் பார்த்தார்.

"யா அல்லாஹ்! இது ஒங்கட லயம்தானே புள்ள? அந்தப் பாறையிலதானே நான் துணி மூட்டைய எறக்கி வைப்பேன்?"

அம்மாவின் விரல் என் தோளில் அழுந்தியது. "சித்தி காம்பராவுக்குப் போ."

போனேன். கதவு மூடியிருந்தது. "இது தெறக்காதும்மா, வெறும் படம்."

"வாசல்ல வாளி இல்லடி. அவ உள்ள இல்ல, தண்ணிக்குப் போயிருக்கா. பீலிக்குப் போ."

பீலி என்றால் ஊற்றுத் தண்ணீர் விழும் குழாய், பாறைக்குக் கீழே இருந்தது. அங்கே ஒரு சிவப்பு வாளி நிரம்பி வழிந்துகொண்டிருந்தது. பக்கத்தில் ஒரு ஜோடி செருப்பு, ஒன்று கவிழ்ந்து கிடந்தது. பயம் என்று சொல்ல மாட்டேன். கருவறைக்கு முன்னால் திரையை விலக்கும்போது உடம்பு சிலிர்க்குமே, அப்படி. நானா தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு, எதற்கென்று தெரியாமல் திரும்பப் போட்டுக்கொண்டார். போனில் படம் எடுத்தேன், வெள்ளையாக விழுந்தது. நிமிர்ந்து பார்த்தால் திரையும் வெள்ளை.

மறுநாள் நானாவே கிராம அதிகாரியான ஜி.எஸ். மாத்தயாவிடம் பேசி, நாலு ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்தார். லயம் இருந்த இடம் முழுக்கக் காடு, பாறை மட்டும் மண்ணுக்கு மேலே நின்றது. அம்மா அதை அடையாளமாக வைத்துக் கீழே இருபது காலடி எண்ணி நடந்து, "இங்க" என்றாள். தோண்டியதில் ஆளுயர ஆழத்தில் சிவப்பு வாளி இருந்தது. பக்கத்திலேயே சித்தி இருந்தாள். கண்ணாடி வளையல்கள் இரண்டு உடையாமல் இருந்தன.

பொலிஸ், ஆஸ்பத்திரி எல்லாம் முடிந்து கருமாதி செய்தோம். அன்றைக்குத்தான் அம்மா விடிய விடிய நன்றாகத் தூங்கினாள்.

கம்பெனியில் அந்த மூலையைத் தேடிப் பார்த்தார்கள். பழைய ஃபைலிலும் புது ஃபைலிலும் ஒன்றுமே இல்லை. பனி இல்லாமல் கேம் நன்றாக இல்லை என்று வெளியிடும்போது அதைத் திரும்பப் போட்டுவிட்டோம்.

வெளிவந்து நாலு மாதம் கழித்து, பிழைகளைத் தெரிவிக்கும் பக்கத்தில் எங்கேயோ வெளிநாட்டிலிருந்து ஒருவர் எழுதியிருந்தார். வடக்கு மூலையில், பனிக்குள் ஒரு பெண் நிற்கிறாள், கிட்டப் போனால் ஒரே வாசகத்தைச் சொல்கிறாள், அது என்ன மொழி என்று கேட்டிருந்தார். காதில் விழுந்ததை அப்படியே இங்கிலீஷ் எழுத்தில் அடித்திருந்தார். நான் அதை வாய்விட்டுப் படித்தேன்.

"அக்கா வந்துருச்சா?"

பக்கத்து அறையில் அம்மா துணி மடித்துக்கொண்டிருந்தாள். இன்றுவரை அவளிடம் சொல்லவில்லை.